வீடு வந்திட்டுது, யோசெப் அண்ணை!

போன் அலறியது!

பிரேமிளா எடுக்கவில்லை. எடுக்க முடியாது. இடது கையில் ஒரு பழைய கார் ஜி.பி.எஸ். வலது கையில் சூடேறிய சோல்டரிங் அயன். கொஞ்சம் கை நடுங்கினாலும் லண்டனிலிருந்து பெட்டி கட்டி வந்த அந்தச் சாமான் குப்பைக்குத்தான்!

"பிள்ளை, போன் அடிக்குது" என்றான் பாலன். கடற்றொழிலாளி. திருத்தக் கொடுத்த மெஷினுக்காகக் கடை மர வாங்கில் குந்தியிருந்தான்.

"கை விட ஏலாது பாலண்ணை. எடுத்துக் கதையுங்கோ."

"நானோ? ஆரும் பொம்பிளையள் எண்டா என்ர மனுசிக்கு ஆர் பதில் சொல்லுறது?"

"உங்களோட கதைக்க எந்தப் பொம்பிளைக்கும் விசர் பிடிக்கேல்லை. எடுங்கோ!"

பாலன் சிரித்துக்கொண்டே எடுத்தான்.

சிரிப்பு அப்படியே நின்றது.

"என்ன பாலண்ணை?"

"யோசெப்பு…"

"யோசெப் அண்ணைக்கு என்ன?"

"கொக்கிளாய்க் கரையில… அவற்ற வள்ளத்துக்குப் பக்கத்தில… பின்மண்டை உடைஞ்சு…"

அயன் மேசையில் விழுந்தது. றப்பர் விரிப்பு கருகிப் புகைந்தது.

"செத்துப்போனாராம் பிள்ளை! பூசை முடிஞ்சு வந்த சனம்தான் கண்டிருக்கு. அதோட…"

"அதோட என்ன? சொல்லுங்கோவன்!"

"உன்ர தம்பி நிறோஜனைப் பொலிஸ் ஏத்திக்கொண்டு போட்டுதாம்!"

*

முல்லைத்தீவு பஸ் நிலையத்துக்குப் பக்கத்தில் பிரேமிளாவின் கடை. போர்டில் 'போன் திருத்துமிடம்' என்றுதான் இருக்கும். ஆனால் கரையோரச் சனம் அங்கே வருவது போனுக்கு அல்ல.

வெளிநாட்டுச் சொந்தக்காரர்கள் காரில் வைத்திருந்து கழற்றி எறிந்த ஜி.பி.எஸ். மெஷின்கள். இப்போது அங்கே எல்லோருக்கும் வழி காட்டுவது போன்தானே! அந்தச் செத்த சாமானைப் பிரேமிளா எழுப்புவாள். கம்பனி போட்ட பூட்டைக் கள்ள சொப்ட்வெயாரால் உடைப்பாள். கார் வழி போய்விடும். கடல் வழி வந்துவிடும். உப்புத் தண்ணீர் போகாமல் சுற்றிவரப் பசை பூசி, வள்ளத்து பற்றரியில் கொழுவிக் கொடுப்பாள்.

பசை காயும்வரை மெஷினின்மேல் பாரத்துக்கு ஒரு பச்சை பிடித்த பித்தளை வளையத்தைத் தூக்கி வைப்பாள். அவள் கணவன் றொமேஸ் பழைய இரும்பு வியாபாரி. இரும்புக் குவியலுக்குள் கிடந்ததென்று அவன் கொண்டுவந்து போட்டது அது.

ஞாயிற்றுக்கிழமை கத்தோலிக்கக் கரைகளில் யாரும் கடலுக்கு இறங்கமாட்டார்கள். அன்றுதான் பிரேமிளாவின் கடையில் கூட்டம். இன்றும் விடியற்பூசை முடித்த கையோடு அவள் கடையைத் திறந்திருந்தாள். றொமேஸ் அதற்கு முன்பே தன் பட்டா என்கிற சின்ன லொறியை எடுத்துக்கொண்டு, கிளிநொச்சிக்கு இரும்பு ஏற்றிப் போவதாகப் போய்விட்டான்.

அவனுக்குப் போன் அடித்தாள். எடுக்கவில்லை.

அதில் ஆச்சரியம் ஒன்றும் இல்லை. அவள் அடித்து அவன் எடுத்த நாளை விரல் விட்டு எண்ணலாம்!

பொலிஸ் நிலையத்துக்குப் போகப் பாலனின் மோட்டார் சைக்கிளில் ஏறினாள்.

*

இன்ஸ்பெக்டர் தங்கராசா மெலிந்த மனிதர். கண்கள் மட்டும் பருத்தவை. ஒருவரைப் பார்த்தால், அவர் செய்யாத குற்றத்தையும் ஒப்புக்கொள்ளச் செய்கிற கண்கள்!

"நீங்கள்தானே பிரேமிளா? கடல்ல எல்லாருக்கும் வழி சொல்லுற குரல்?"

"ஓம் சேர். என்ர தம்பி ஒரு நண்டைக் கொல்லவே யோசிப்பான் சேர்!"

"கடற்றொழில் செய்யிறவன் நண்டுக்கு யோசிப்பானோ பிள்ளை?"

பிரேமிளா உதட்டைக் கடித்தாள்.

"இருங்கோ" என்றார் தங்கராசா. "யோசெப்பின்ர வள்ளத்தில உங்கட தம்பிதான் கூட்டாளி. நேற்றுப் பின்னேரம் ரெண்டு பேருக்கும் கரை முழுக்கக் கேக்கச் சண்டை. ஏன் தெரியுமோ?"

"பாருக்கு…"

"ஓம். பாருக்கு!"

பார் என்றால் கடலடியில் மீன் மொய்க்கிற கல்லுத்திட்டு. ஒருவன் தன் பார் கிடக்கும் இடத்தைப் பெற்ற பிள்ளைக்கும் சொல்லமாட்டான். மெஷின் வந்த பிறகு இடமெல்லாம் மெஷினுக்குள். கரைக்கு வந்ததும் முதல் வேலை, மெஷினைக் கழற்றித் துவாயில் சுற்றி வீட்டுக்குக் கொண்டுபோவது. யோசெப் ஒரு படி மேல்! பார் நெருங்கியதும் நடுக்கடலிலேயே மெஷினைத் துவாயால் மூடிவிடுவார். பக்கத்தில் நிற்கிற கூட்டாளிக்கும் காட்டமாட்டார்.

"'உன்னோட உயிரைக் குடுத்து வலை இழுக்கிறன், எனக்கும் துவாயோ? உந்த மெஷினை ஒருநாள் பறிக்கிறன் பார்!' எண்டு உங்கட தம்பி கத்தினவன். கேட்டவை இருபது பேர்" என்றார் தங்கராசா. "அந்தச் சண்டைக் கோபத்தில யோசெப் மெஷினைக் கழட்ட மறந்து வீட்டுக்குப் போட்டார். இண்டைக்குப் பூசைக்கு வெளிக்கிட்ட நேரம் ஞாபகம் வந்திருக்கு. மனுசியைக் கோயிலுக்கு அனுப்பிப்போட்டுக் கரைக்குப் போனவர். பூசை நேரம். கரையில காகமும் இல்லை. பின்மண்டையில நங்கூரத்தால அடி. மெஷினைக் காணேல்லை. உங்கட தம்பி பூசைக்கும் வரேல்லை. வாடிக் கொட்டிலில நித்திரையாம்! நீங்கள் நானா இருந்தா ஆரைப் பிடிப்பியள்?"

"நான் மெஷினைப் பிடிப்பன் சேர்."

தங்கராசா நிமிர்ந்தார்.

"வாடியைத் தேடினனீங்களோ? மெஷின் இருந்ததோ?"

"இல்லை."

"அப்ப என்ர தம்பி இல்லை சேர்!"

"புதைச்சிருக்கலாம். வித்திருக்கலாம். நாளைக்கு இவனை நீதவான் முன்னால நிப்பாட்டவேணும். மெஷின் வேற ஆற்றையும் கையில அம்பிட்டா உங்கட தம்பி வீட்டை வருவான். இல்லாட்டி…"

கம்பி அறைப் பக்கம் கையைக் காட்டினார்.

கம்பிக்குப் பின்னால் நிறோஜன். சாரமும் கிழிந்த பெனியனும். நேற்றுவரை அவளிடம் டேற்றாக் காட் போட்டுத் தரச் சொல்லி நச்சரித்தவன்.

"அக்கா… நான் வாயாலதான் கத்தினனான். கையால இல்லை!"

"தெரியும்டா."

"யோசெப் அண்ணை என்னைத் தூக்கி வளர்த்தவர் அக்கா…"

அவன் அழுதான். பிரேமிளா அழவில்லை. அவள் மண்டைக்குள் ஏதோ ஒன்று மின்னியது.

திரும்பி வந்தாள்.

"சேர், அந்த மெஷினைக் கண்டுபிடிக்க ஒரு வழி இருக்கு."

"என்ன வழி?"

"அது கதைக்கும்!"

*

"பூட்டை உடைச்சா உள்ளுக்கு ஒரு சின்னக் கொம்பியூட்டர் சேர். எங்கயோ ஒரு வெள்ளைக்காரன் எழுதி இணையத்தில விட்ட சாவி. மெமரி காட்டில போட்டுக் குத்தினா கார்க்காரன்ர புரோகிராம் படுத்திடும். எங்கட புரோகிராம் எழும்பும்."

"அப்ப கள்ளச் சாவி."

"சாமான் கள்ளச் சாமான் இல்லை சேர். சாவிதான் கொஞ்சம்…"

"கொஞ்சம்?"

"பூசைக்குப் போகாத சாவி."

தங்கராசாவின் உதடு லேசாகத் துடித்தது. சிரிப்பாக இருக்கலாம்.

"கார் மெஷின் எண்டபடியால் குரல் உண்டு. இங்கிலீசில ஒருத்தி 'இடப்பக்கம் திருப்பு' எண்டுவாள். எங்கட ஆக்களுக்கு எரிச்சல். நான் என்ர குரலைப் பதிஞ்சு போட்டன். யோசெப் அண்ணை மட்டும், 'என்னைப் பேர் சொல்லிக் கூப்பிடு பிள்ளை, கடல்ல ஆரும் கூப்பிடுறாக்கள் இல்லை' எண்டு கேட்டவர். அவற்ற மெஷினில 'வீடு' எண்டு ஒரு இடம் பதிஞ்சிருக்கு. கரையோரத்திலயே இருக்கிற அவற்ற வீட்டு வாசல். அதுக்குக் கிட்ட வந்தா அது தானாக் கத்தும். எஞ்சின் சத்தத்திலயும் கேக்கவேணும் எண்டு சத்தத்தை உச்சத்தில வைச்சுப் பூட்டினனான். ஆராலயும் குறைக்க ஏலாது."

"எடுத்தவன் மெஷினை நிப்பாட்டித்தானே வைச்சிருப்பான்?"

"அங்கதான் சேர் விசயம். அதுக்குள்ள இருக்கிற பற்றரி செத்துப்போச்சு. கரண்ட் வயர் குத்தினாத்தான் எழும்பும். வாகனத்தில குத்தினா, வாகனம் ஸ்டார்ட் பண்ண அதுவும் தானா எழும்பும். நான் ஒரு கதை கட்டிவிடுறன்: கரண்ட் இல்லாமல் கிடந்தா உள்ளுக்கிருக்கிற இடமெல்லாம் அழிஞ்சுபோம் எண்டு. பாருக்காகத்தானே எடுத்தவன்? அழிய விடுவானோ?"

"அழியுமோ?"

"ஒரு மண்ணும் அழியாது! ஆனா மெஷினைப் பற்றி நான் சொன்னா இந்தக் கரையில மறு கதை இல்லை."

தங்கராசா கதிரையில் சாய்ந்தார். கண்கள் சுருங்கின.

"உங்கட குரல் கத்துற கதை கரை முழுக்கத் தெரியுமே. கள்ளன் எப்பிடி மாட்டுவான்?"

"கடலுக்குப் போறவைக்குத் தெரியும். அதில ஒருத்தன் எடுத்திருந்தா மாட்டான். என்ர தம்பிக்கும் நல்லாத் தெரியும். ஆனா கடலுக்குப் போகாமல், மீனை மட்டும் பார்க்கிறவை இருக்கினம்தானே சேர்…"

"ஆரைச் சொல்லுறியள்?"

"நான் ஒருத்தரையும் சொல்லேல்லை."

"ராஜரத்தினம் முதலாளியைத்தானே?"

கொக்கிளாய் மீனை எல்லாம் வாங்குகிறவர் ராஜரத்தினம். வள்ளத்தில் கால் வைக்காதவர். யோசெப்பின் கப்பல் பாருக்கு ஆசைப்பட்டவர். எப்போதோ கடலில் மூழ்கிப்போன ஒரு பழைய கப்பல் கிடக்கிற இடம் அது. யோசெப் மட்டும்தான் கண்டுபிடித்திருந்தார். 'என்ர வள்ளக்காரருக்கும் காட்டன் யோசெப்பு' என்று முதலாளி மீன் ஏலத்தில் வைத்தே பலமுறை கேட்டிருக்கிறார்.

"செத்தவீட்டுக்கு எல்லாரும் வரத்தானே வேணும்" என்றார் தங்கராசா மெதுவாக. "வராதவனைத்தான் சனம் முதல் சந்தேகப்படும்…"

"அதுதான் சேர்!"

"சரி. ஒரு கண்டிசன். இது எங்கள் ரெண்டு பேருக்குள்ள. உங்கட மனுசனுக்கும் சொல்லக்கூடாது."

பிரேமிளா சிரித்தாள். கசப்பான சிரிப்பு.

"அவருக்குச் சொன்னாலும் ஒண்டு, சொல்லாட்டிலும் ஒண்டு சேர். காதில விழாது!"

*

திங்கட்கிழமை. கடை திறந்ததும் முதல் ஆள் பாலன்.

"பாலண்ணை, ஒரு விசயம். ஆருக்கும் சொல்லாதேங்கோ."

"சத்தியமாச் சொல்லமாட்டன்!"

சொன்னாள். பாலன் தேநீரைக்கூடக் குடித்து முடிக்கவில்லை. மோட்டார் சைக்கிள் பறந்தது. ஆருக்கும் சொல்லாதே என்ற கதைக்குத்தானே வேகம் அதிகம்!

மத்தியானத்துக்குள் கதை ஊரைச் சுற்றி அவளிடமே திரும்பி வந்தது. மருந்து வாங்கப் போன இடத்தில் ஒருத்தி அவளுக்கே சொன்னாள்: "கரண்ட் குத்தாட்டி யோசெப்பின்ர பாரெல்லாம் அழிஞ்சுபோமாம், தெரியுமோ?"

அதற்குப் பிறகுதான் அந்த வெள்ளைப் பிக்கப் கடை வாசலில் வந்து நின்றது.

ராஜரத்தினம் முதலாளி!

"என்ன பிள்ளை, தம்பியைப் பார்த்தனியோ?"

"பார்த்தன் முதலாளி. பதினாலு நாள் உள்ளுக்கு வைக்கச் சொல்லிப்போட்டினம்."

"பாவம் பெடியன். கோபத்தில செய்துபோட்டான்…"

"அவன் செய்யேல்லை."

"ஓம் ஓம். நீ அக்காதானே, அப்பிடித்தான் சொல்லுவாய்." அவர் கண்கள் கடைச் சுவரெல்லாம் மேய்ந்தன. "யோசெப்பின்ர மெஷின்… கிடைச்சதோ?"

"ஏன் கேக்கிறியள்?"

"சும்மாதான். அந்தக் கப்பல் பார் அவனோடயே போகுது எண்டு ஒரு கவலை."

யோசெப் போனதுக்கா, பார் போனதுக்கா என்று கேட்க பிரேமிளாவின் நாக்கு துடித்தது. விழுங்கினாள்.

"வேற என்ன வேணும் முதலாளி?"

"வாகனத்தில குத்துற சார்ச் வயர் ஒண்டு தா."

பிரேமிளா அவரை நிமிர்ந்து பார்த்தாள்.

"என்னத்துக்கு?"

"போனுக்குத்தான்."

அவர் சட்டைப்பையில் எட்டிப் பார்த்தது பழைய பட்டன் போன். அந்த வயரின் முனை அந்தப் போனுக்குள் போகவே போகாது!

சுவரில் ஆணியில் இரண்டு வயர் தொங்கின. இரண்டிலும் அவள் கடை அடையாளமாக மஞ்சள் ஒட்டு ரேப் சுற்றியிருந்தது. ஒன்றைக் கழற்றி நீட்டினாள். பிக்கப் தூசு கிளப்பிப் போனதும் தங்கராசாவுக்குப் போன் போட்டாள்.

"சேர்… மீன் வந்து தூண்டிலை மோந்து பார்த்திட்டுது!"

*

றொமேஸ் சாப்பிட வந்தான். கடையின் பின்பக்கம்தான் அவர்களது குசினி.

போனைப் பார்த்துக்கொண்டே சோற்றைப் பிசைந்தான். எப்போதும் அப்படித்தான். கலியாணம் கட்டிய புதிதில் பிரேமிளா தன் மெஷின் கதைகளை ஆசையாகச் சொல்வாள். புதுசாக உடைத்த பூட்டு, பதிந்த குரல், யோசெப் அண்ணை கேட்ட பேர், றோசம்மா அக்கா அதைக் கேட்டுச் சிரித்த சிரிப்பு… அவன் 'ம்' கூடக் கொட்டமாட்டான்.

"நீங்கள் நாலு இடம் திரியிறவர். ஆரும் மெஷினைக் கண்டா சொல்லுங்கோ. கரண்ட் குத்தாமல் வைச்சிருந்தா உள்ளுக்கிருக்கிற இடமெல்லாம் அழிஞ்சுபோம்."

சொல்லும்போது மனம் உறுத்தியது. இந்த மனிதனுக்கு அவள் எவ்வளவோ சொல்லியிருக்கிறாள். பொய் சொன்னதில்லை.

"குழம்புக்கு உப்புக் காணாது" என்றான் றொமேஸ்.

"நான் சொன்னது கேட்டதோ?"

"உன்ர மெஷின் கதை! மனுசனைச் சாப்பிட விடு."

"தம்பி உள்ளுக்கு இருக்கிறான். உங்களுக்கு உப்புத்தான் கவலை!"

"என்னை என்ன செய்யச் சொல்லுறாய்? நாளைக்குச் செத்தவீட்டுக்குக் கோயில் கதிரை ஏத்திக்கொண்டு வரச் சொல்லி இருக்கினம். வாறன் எண்டனான். காணாதோ?"

"நேரத்துக்கு வாங்கோ. பிரேதத்தை எடுத்தாப் பிறகு கதிரையைக் கொண்டுவந்து ஆர் இருக்கிறது?"

றொமேஸ் கை கழுவினான். போய்விட்டான்.

பின்னேரம் கடையைப் பூட்டும்போது பிரேமிளா ஆணியைப் பார்த்தாள். வெறும் ஆணி.

மற்ற வயர்?

யாருக்காவது கொடுத்தேனா… நினைவில்லை. தம்பியின் முகம்தான் கண்ணுக்குள் நின்றது. விளக்கை அணைத்தாள்.

*

செவ்வாய்க்கிழமை. கொக்கிளாய்.

யோசெப்பின் சின்ன வீட்டு முற்றத்தில் வெள்ளைத் துணிப் பந்தல். நடுவில் பெட்டி. பெண்கள் செபமாலை சொல்லிக்கொண்டிருந்தார்கள். றோசம்மா பெட்டியின் கால்மாட்டில். மூன்று நாளாக அழுத குரல், அறுந்த கயிறு மாதிரி இருந்தது.

"பிரேமிளா… கடல்லயும் உன்ர குரல்தானடி அவருக்குக் காவல்… அதையும் பறிச்சுக்கொண்டு போட்டாங்களே!"

பிரேமிளா அவளை அணைத்துக்கொண்டாள். கண் மட்டும் வாசலுக்கு வருகிற ஒழுங்கைப் பக்கம்.

வெற்றிலைத் தட்டுக்குப் பக்கத்தில் தங்கராசா. சாரம், வெள்ளைச் சேர்ட். சிவில் உடுப்பாம்! ஆனால் காலில் பளபளவென்ற கறுப்புச் சப்பாத்து. முற்றத்தில் இருந்த எல்லோரும் அவரைப் பார்த்ததும் கால் மடக்கி ஒழுங்காக இருந்தார்கள்.

"வந்திட்டினமோ?" என்று கண்ணால் கேட்டார்.

இல்லை என்று பிரேமிளா தலையாட்டினாள்.

பூசை வைக்கிற சுவாமி வந்தார். கதிரை இல்லாமல் நின்றார். றொமேஸ் இன்னும் வரவில்லை. சொன்ன நேரத்துக்கு வந்தால் அது றொமேஸ் இல்லையே!

ஹோர்ன் சத்தம்!

ஒழுங்கை முனையில் தூசு. தூசுக்குள் வெள்ளை நிறம். ராஜரத்தினத்தின் பிக்கப்!

தங்கராசா எழுந்தார்.

ஆனால் பிக்கப்புக்கு முன்னால் இன்னொரு வாகனம் ஆடி ஆடி வந்தது. கோயில் கதிரைகளைக் கோபுரமாக அடுக்கிக்கொண்டு, றொமேஸின் பட்டா. பின்னால் வந்த பிக்கப் பொறுமையில்லாமல் ஹோர்ன் அடித்தது. இரண்டும் ஒன்றையொன்று முட்டுகிற மாதிரி வாசலுக்கு வந்தன.

அப்போது…

"வீடு வந்திட்டுது, யோசெப் அண்ணை! எஞ்சினைத் தூக்குங்கோ! றோசம்மா அக்கா தேத்தண்ணியோட நிக்கிறா!"

பிரேமிளாவின் குரல்!

ஆனால் பிரேமிளா வாய் திறக்கவில்லை!

செபமாலை பாதியில் அறுந்தது. சுவாமியின் கை சிலுவை போட மறந்து அந்தரத்தில் நின்றது. ஒரு கிழவர் கதிரை இல்லாத இடத்தில் குந்தப் போய் மண்ணில் விழுந்தார்.

றோசம்மா எழுந்துவிட்டாள்.

"வந்திட்டாரோ?" என்றாள். பெட்டியைப் பார்த்தாள். வாசலைப் பார்த்தாள். "வந்திட்டாரோடி?"

தங்கராசா பாய்ந்தார்! பட்டாவைச் சுற்றிக்கொண்டு நேரே பிக்கப்புக்கு. கதவை இழுத்துத் திறந்தார்.

"இறங்கும் முதலாளி!"

"என்ன சேர்? என்ன நடந்தது?"

"அந்த வயர் எங்க போகுது?"

சார்ச் வயர். மஞ்சள் ரேப். முனையில்… பளபளவென்று ஒரு புதுப் போன்!

"மகள் ஜெர்மனியில இருந்து அனுப்பினவள் சேர்! எனக்கு இதைத் திறக்கவே தெரியாது… சார்ச்சில மட்டும் போடச் சொன்னவள்!"

தங்கராசா திகைத்தார்.

"தேத்தண்ணி ஆறுது, யோசெப் அண்ணை! கெதியா வாங்கோ!"

மறுபடியும்! ஆனால் பிக்கப்பிலிருந்து அல்ல.

முன்னாலிருந்து…

பிரேமிளா மெல்ல நடந்தாள். பட்டாவின் ஜன்னலுக்குக் கிட்டப் போனாள்.

ஸ்டியரிங்குக்குப் பக்கத்தில் குத்தியிருந்த ஒரு வயர். மஞ்சள் ரேப் சுற்றிய வயர். அது நெளிந்து நெளிந்து டாஷ்போர்ட் லாச்சிக்குள் போனது. றொமேஸ் அந்த லாச்சியை முஷ்டியால் குத்திக்கொண்டிருந்தான்.

"நிப்பாட்டு… நிப்பாட்டு சனியனே!"

"தேத்தண்ணி ஆறுது, யோசெப் அண்ணை!"

ரிவர்ஸ் போட்டான். பின்னால் பிக்கப். முன்னால் யோசெப்பின் பெட்டி. நடுவில் கதிரைக் கோபுரம் சரிந்து ஒழுங்கையெங்கும் விழுந்தது!

பிரேமிளா ஜன்னலுக்குள் கையை விட்டு லாச்சியைத் திறந்தாள். யோசெப்பின் நீலத் துவாய். அதற்குள் அவளே பசை பூசி ஒட்டிய மெஷின். திரையில் ஒரு சின்ன வீடு மினுங்கிக்கொண்டிருந்தது.

மேசையில் கிடக்கிற பித்தளை வளையம் கண்முன் வந்தது.

"அந்தப் பித்தளை… யோசெப் அண்ணை வித்ததோ?"

றொமேஸ் முகத்தைத் திருப்பினான். றோசம்மாதான் பின்னாலிருந்து சொன்னாள்.

"கப்பல் பாரில வலையில ஏறினதடி அது. உன்ர மனுசனுக்குத்தான் குடுத்தவர். அண்டையில இருந்து, 'கப்பல் எங்க கிடக்கு, எங்க கிடக்கு' எண்டு கேட்டுக் கேட்டு இவருக்கு ஒரே கரைச்சல். உனக்கு மனவருத்தம் எண்டு நாங்கள் வாய் திறக்கேல்லை…"

"ஞாயிற்றுக்கிழமை கிளிநொச்சியில எந்த இரும்புக் கடை திறந்திருந்தது?" என்றாள் பிரேமிளா. "நான் அதையெல்லோ முதல் யோசிச்சிருக்கவேணும்!"

தங்கராசா மறுபக்கக் கதவைத் திறந்து அவன் தோளில் கை வைத்தார்.

றொமேஸ் உடைந்தான்.

"அடிக்கவேணும் எண்டு போகேல்லை சேர்… பூசை நேரம் வள்ளத்தைத் துழாவிப் பார்ப்பம் எண்டு போனனான்… மனுசன் வந்திட்டார். ஒருக்காக் காட்டுங்கோ எண்டன். கப்பல் முழுக்கப் பித்தளை, பங்கு தாறன் எண்டன்… துவாயால மூடினார் சேர்! என்ர முகத்துக்கு நேர துவாயால மூடினார்! கையில நங்கூரம் அம்பிட்டுது…"

"என்ர தம்பியைப் பிடிச்சுக்கொண்டு போகேக்க நீங்கள் வாயைத் திறக்கேல்லையே!" என்றாள் பிரேமிளா.

றொமேஸ் அவளை நிமிர்ந்து பார்த்தான். கோபமா, பயமா, தெரியவில்லை.

"இது கதைக்கும் எண்டு எனக்கு ஏனடி சொல்லேல்லை?"

"சொன்னனான்! யோசெப் அண்ணைக்குக் குரல் பதிஞ்ச அண்டைக்கே சொன்னனான். பேந்தும் எத்தினை தரம் சொன்னனான். நீங்கள்தான், 'மனுசனைச் சாப்பிட விடு' எண்டனீங்கள்."

பொலிஸ் ஜீப் வந்தது. றொமேஸை ஏற்றினார்கள். தங்கராசா போனில் யாருக்கோ நிறோஜனின் பெயரைச் சொன்னார். பிறகு பிரேமிளாவிடம் திரும்பினார். சப்பாத்து நுனியால் மண்ணைக் கிளறினார்.

"நாளைக்கே கோட்டில சொல்லுவிக்கிறன். தம்பி வந்திடுவான் பிள்ளை."

பிரேமிளா தலையாட்டினாள். மெஷினின் வயரைப் பிடுங்கினாள். திரை அணைந்தது. துவாயில் பழையபடி சுற்றி றோசம்மாவின் மடியில் வைத்தாள். அப்போதுதான் அவளுக்கு அழுகை வந்தது.

"ஒண்டு மட்டும் எனக்கு விளங்கேல்லை" என்றார் தங்கராசா. "நீங்கள் சொல்லுற ஒண்டுமே காதில விழாத மனுசன். கரண்ட் குத்தாட்டி அழிஞ்சுபோம் எண்டதை மட்டும் எப்பிடிக் கேட்டவர்?"

பிரேமிளா சேலைத் தலைப்பால் முகத்தைத் துடைத்தாள்.

"என்ர தலைவிதியைப் பாருங்கோ சேர்! கலியாணம் கட்டின நாளில இருந்து அந்த மனுசனுக்கு உண்மையைத் தவிர நான் ஒண்டும் சொன்னதில்லை, அவர் ஒண்டையும் கேட்டதில்லை… முதல் முதலாக் காது குடுத்துக் கேட்டது, நான் முதல் முதலாச் சொன்ன பொய்யை!"